சிறகுள்ள குதிரையும் குடை திருடும் குரங்கும்
விநோதமான சிறுவர் நூல்கள் பற்றி ஒரு பார்வை

நம்மிடையே சிறுவருக்கென வெளிவரும் கதைநூல்களில் பெரும்பாலானவற்றை முதற்பக்கத்திலேயே மூடிவிடலாம். கடைசிப் பக்கத்தில் என்ன இருக்குமென்பது தெரிந்த விடயம். பொய் சொன்ன பிள்ளை பிடிபடும். சோம்பேறி வருந்துவான். உம்மாவின் சொல் கேளாத முயல் குழியில் விழும். கதை முடிந்த பிறகு ஒரு கட்டம் போட்டு, அதற்குள் இக்கதை தரும் படிப்பினை என்று இரண்டு வரி அச்சிட்டிருப்பார்கள். அந்த இரண்டு வரிக்காகத்தான் முன்னுள்ள பதினைந்து பக்கமும் எழுதப்பட்டன என்பது எழுதியவருக்குத் தெரியும், வாங்கிக்கொடுத்த வாப்பாவுக்குத் தெரியும். பிள்ளைக்கும் தெரியும் என்பதைத்தான் நாம் மறந்துவிடுகிறோம்.

படிப்பினை கூடாதென்று சொல்ல இக்கட்டுரை எழுதப்படவில்லை. கேள்வி வேறு. வகுப்பறைப் புத்தகப் பெட்டியிலிருந்து ஒரு பிள்ளை தானாகவே இரண்டாம் முறை எடுக்கும் புத்தகம் எது? வாசிப்பு மாதப் போட்டிக்காக எடுப்பதை நான் கணக்கில் சேர்க்கவில்லை. பாடவேளை முடிந்து மணி அடித்த பிறகும் ஒளித்து வைத்து வாசிக்கிற புத்தகத்தைச் சொல்கிறேன். அந்த வரிசையில் நல்லொழுக்கக் கதைகள் அநேகமாக இருப்பதில்லை. மீசை முளைத்த பூனை, தலைகீழாக நடக்கும் மனிதன், பூதங்களுக்கு ராசாவான பையன் என்று ஏதோ ஒரு கோணல் உள்ள புத்தகங்கள்தான் அட்டை கிழிந்து, முனை மடிந்து கிடக்கும். நம்மூர்ப் பேச்சில் இதற்கு அழகான ஒரு சொல் இருக்கிறது. “புதினம்” என்போம். தமிழகத்து இலக்கிய வரலாற்று நூல்கள் அச்சொல்லை நாவலுக்குக் கொடுத்துவிட்டன. நாம் இன்னும் விநோதமான எதையும் “புதினமான சாமான்” என்றுதான் சொல்கிறோம். பிள்ளைகள் தேடுவதும் புதினத்தைத்தான்.

இந்த ஈர்ப்புக்கு எளிதான விளக்கங்கள் பல உண்டு. சிரிப்பு வருகிறது என்பார்கள், படம் அழகு என்பார்கள், பிள்ளைப் புத்தி அப்படித்தான் என்று முடித்துவிடுபவர்களும் உண்டு. இவற்றில் ஓரளவு உண்மை இருந்தாலும் இவை போதாது. சிரிப்புக்காக மட்டும் என்றால், ஒருமுறை சிரித்த பின் வேலை முடிந்துவிட வேண்டும். ஆனால் விநோத நூல்களுக்குப் பிள்ளைகள் திரும்பத் திரும்ப வருகிறார்கள். ஏன் வருகிறார்கள் என்பதை உலகம் அறிந்த சில நூல்களைக் கொண்டு பார்க்கலாம்.

மருட்கையும் அஜபும்

முதலில் நமது இரண்டு மரபுகளும் இது பற்றி என்ன சொல்லியிருக்கின்றன என்று பார்ப்பது நல்லது.

தொல்காப்பியம் மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகளுள் ஒன்றாக மருட்கையை வைக்கிறது. வியப்பு என்று இன்று நாம் சொல்வது அது. அது தோன்றும் நிலைக்களன்கள் நான்கு: புதுமை, பெருமை, சிறுமை, ஆக்கம். முன்பு காணாதது, அளவில் மிகப் பெரியது, அளவில் மிகச் சிறியது, ஒன்று இன்னொன்றாக மாறுவது. அறிவு முழுதாகச் சென்று பற்றிக்கொள்ள முடியாத நிலையையே மருட்கை என்கிறது அந்நூல். உலகின் பேர்பெற்ற விநோதச் சிறுவர் நூல்களை வரிசையாக வைத்துப் பார்த்தால், ஒவ்வொன்றும் இந்த நான்கில் ஒன்றிலோ இரண்டிலோ கால் ஊன்றி நிற்பதைக் காணலாம். முயல் வளையில் விழுந்து சுண்டுவிரல் அளவுக்குச் சிறுக்கவும் வீட்டுக் கூரை முட்டப் பெருக்கவும் செய்யும் அலிஸ் மூன்றையும் ஒருங்கே காட்டுவாள்.

மற்ற மரபு அரபு மொழியினது. 13ஆம் நூற்றாண்டில் வாழ்ந்து 1283இல் மறைந்த ஸகரிய்யா அல்கஸ்வீனி, தொழிலால் ஒரு காழி. ஈராக்கின் வாஸித், ஹில்லா நகரங்களில் தீர்ப்பு வழங்கியவர். அவர் எழுதிய “அஜாயிபுல் மக்லூகாத்” என்ற நூல் வானம், கோள்கள், கடல், தீவு, விலங்கு, விநோதப் பிறவிகள் என்று படைப்பின் அதிசயங்களை அடுக்கிச் சொல்வது. பல நூற்றாண்டுகளாக ஓவியங்களுடன் பிரதி செய்யப்பட்ட நூல் அது. முன்னுரையில் அஜப் என்றால் என்ன என்று அவர் விளக்குகிறார். ஒன்றின் காரணத்தை அறிய இயலாதபோது மனிதனுக்கு ஏற்படும் திகைப்பே அது என்கிறார். உதாரணத்துக்குத் தேன்கூட்டை எடுக்கிறார். முதன்முதலில் அதைக் காண்பவன் இதைக் கட்டியது யார் என்று திகைப்பான். தேனீதான் என்று அறிந்தால், கவராயமும் அடிமட்டமும் இல்லாமல் இந்தச் சின்னப் பூச்சி எப்படி அறுகோணங்களை அச்சொட்டாகக் கட்டியது என்று இன்னும் அதிகமாகத் திகைப்பான். அதன் பிறகு கஸ்வீனி சொல்வதுதான் நமக்கு முக்கியம். இந்த உலகத்தை நாம் முதலில் சந்திப்பது சிறு பிராயத்தில். அப்போது அறிவு முதிர்ந்திருக்காது. அறிவு முதிர்ந்து வரும் காலத்தில் தேவைகளும் ஆசைகளும் நம்மைப் பிடித்துக்கொள்கின்றன. அதற்குள் பார்த்தவையெல்லாம் பழகிப்போய், அதிசயம் அதிசயமாகத் தெரியாமல் போய்விடுகிறது.

பழக்கத்தால் மங்கிப்போன கண்ணைத் துடைத்துவிடுவதற்குத்தான் அவர் விநோதங்களை எழுதினார். விநோதமான சிறுவர் நூல் செய்யும் வேலையும் அதுவே. பிள்ளையின் கண் இன்னும் முழுதாக மங்கவில்லை. அதனால் அது இத்தகைய புத்தகத்தைக் கண்டதும் தன் இனம் என்று அடையாளம் கண்டுகொள்கிறது.

வைத்தியரின் பரிசும் தேனீக் கவிதையும்

1844ஆம் ஆண்டு கிறிஸ்மஸ் காலத்தில் ஜேர்மனியின் பிராங்பேர்ட் நகரில் ஹைன்ரிச் ஹொஃப்மன் என்ற வைத்தியர் தனது மூன்று வயது மகனுக்குப் பரிசளிக்க ஒரு புத்தகம் தேடிக் கடைகடையாக ஏறினார். கிடைத்தவையெல்லாம் நீண்ட கதைகளும் புத்திமதிகளும். கடைசியில் ஒரு வெற்றுக் கொப்பியை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து, தானே பாட்டெழுதிப் படமும் கீறினார். அடுத்த ஆண்டு அது நூலாயிற்று. நகமும் தலைமயிரும் வெட்டாத சிறுவனின் பெயரால் “ஸ்ட்ருவெல்பீட்டர்” என்று உலகெங்கும் அறியப்பட்டது. மார்க் ட்வெய்ன் அதில் மயங்கி ஆங்கிலத்தில் பெயர்த்தார்.

அந்நூலிலும் படிப்பினை இருக்கிறது. இல்லையென்று சொல்ல முடியாது. நெருப்புப் பெட்டியோடு விளையாடிய சிறுமி எரிந்து சாம்பலாகிறாள். அவளது இரண்டு பூனைகளும் பக்கத்தில் இருந்து கண்ணீர் ஆறு வடிக்கின்றன. விரல் சூப்பிய பையனின் பெருவிரல்களைத் தையல்காரன் ஒருவன் பாய்ந்து வந்து பெரிய கத்தரிக்கோலால் நறுக்கிவிடுகிறான். சூப் குடிக்க மறுத்தவன் நாளுக்கு நாள் மெலிந்து நூலாகி, ஐந்தாம் நாள் இறந்துபோகிறான். புயலில் குடையோடு வெளியே போன ஒருவன் ஆகாயத்தில் பறந்து மறைகிறான். எங்கே போனான் என்று யாருக்கும் தெரியாது. எச்சரிக்கைகளை எந்த அளவுக்கு ஊதிப் பெருப்பிக்கலாமோ அந்த அளவுக்குப் பெருப்பித்திருக்கிறார். இதனால் ஒரு விசித்திரம் நடக்கிறது. விரல் சூப்பாதே என்ற கட்டளை பின்னால் போய்விடுகிறது. கத்தரிக்கோலோடு பாயும் தையல்காரன் முன்னால் வந்து நிற்கிறான். இந்நூலின் குரூரத்தைக் கண்டித்தவர்கள் பலர். அக்கண்டனத்தில் நியாயம் உண்டு. சிறு பிள்ளைக்கு இரவில் படித்துக் காட்ட நானும் இதைத் தெரிவுசெய்யமாட்டேன். ஆயினும் புத்திமதி நூல்களில் சலிப்புற்ற ஒரு தகப்பனின் கையிலிருந்துதான் இது பிறந்தது என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

இருபது வருடம் கழித்து, 1865இல், லூயிஸ் கரோலின் “அலிஸ்” வந்தது. அக்கால ஆங்கிலப் பிள்ளைகள் மனனம் செய்த பாட்டுகளில் ஒன்று ஐசக் வொட்ஸ் எழுதியது. சுறுசுறுப்பான தேனீயைப் பார், நீயும் அப்படி உழை என்பது அதன் சாரம். அலிஸ் அதை ஒப்புவிக்க வாய் திறக்கிறாள். வாயில் வருவதோ ஒரு முதலை. வாலைப் பளபளப்பாக்கிக்கொண்டு, சிரித்த முகத்தோடு சின்ன மீன்களை வரவேற்று விழுங்கும் முதலை. இன்று வொட்ஸின் தேனீயை அறிந்தவர்கள் மிகக் குறைவு, அறிந்தவர்களிலும் பலர் முதலையின் தயவால்தான் அறிவார்கள். அதே நூலில் ஒரு சீமாட்டி வருகிறாள். எதைச் சொன்னாலும் அதிலிருந்து ஒரு நீதியைக் கண்டுபிடித்து அலிஸின் தோளில் தாடையை ஊன்றிக்கொண்டு சொல்லும் பெண். பாடநூல் பயிற்சி வினா தயாரிக்கும் நம்மையெல்லாம் கரோல் எப்போதோ பார்த்துவிட்டார் போலும்!

இங்கே கஸ்வீனியின் தேனீயையும் வொட்ஸின் தேனீயையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். இருவருமே இறைநம்பிக்கை மிக்கவர்கள். ஒருவர் தேனீயைக் காட்டி “இதைப் போல உழை” என்கிறார். மற்றவர் தேனீயைக் காட்டி “இதைப் பார்” என்கிறார். முதலாவதில் தேனீ ஒரு கைகாட்டிப் பலகை. திசை தெரிந்தவுடன் பலகை தேவையில்லை. இரண்டாவதில் பார்ப்பவன் திகைத்து நின்றுவிடுகிறான், அந்தத் திகைப்பிலிருந்தே படைத்தவன் பற்றிய சிந்தனை பிறக்கிறது. நமது சிறுவர் நூல்கள் எந்தத் தேனீயைப் பின்பற்றியிருக்கின்றன என்று கேட்டுப் பார்த்தால் விடை கசப்பாகத்தான் இருக்கும்.

சூடு ஆறாத சாப்பாடு

விநோத நூல் என்றால் எதையும் எப்படியும் எழுதலாம் என்று நினைப்பவர்கள் மொரிஸ் சென்டக்கின் 1963ஆம் ஆண்டு நூலைப் பார்க்க வேண்டும். காட்டுப் பூதங்கள் வாழும் இடம் பற்றிய அந்நூல் மொத்தம் 338 ஆங்கிலச் சொற்கள். நமது ஐந்தாம் ஆண்டுப் பிள்ளை எழுதும் இரண்டு கட்டுரை அளவு கூட வராது.

மக்ஸ் என்ற பையன் ஓநாய் உடுப்பு மாட்டிக்கொண்டு வீட்டில் அட்டகாசம் செய்கிறான். உம்மா ஏசுகிறாள். உன்னைத் தின்றுவிடுவேன் என்று எதிர்த்துப் பேசுகிறான். சாப்பாடு இல்லாமல் அறைக்கு அனுப்பப்படுகிறான். அறைக்குள் காடு முளைக்கிறது, கடல் வருகிறது, ஓடம் வருகிறது. ஒரு வருடத்துக்கு மேல் பயணம் செய்து பூதங்களின் தீவை அடைகிறான். மஞ்சள் கண்களைக் கொண்ட அவற்றைக் கண் இமைக்காமல் முறைத்தே அடக்கி, அவற்றுக்கு அரசனாகிறான். கூத்தும் கும்மாளமும். பிறகு, எங்கிருந்தோ சாப்பாட்டு வாசம் வருகிறது. அரச பதவியை விட்டுவிட்டுத் திரும்பி வருகிறான். அறையில் அவனுக்கான இராச்சாப்பாடு காத்திருக்கிறது, சூடு ஆறாமல்.

இதில் உள்ள ஒழுங்கைக் கவனியுங்கள். முதற் பக்கங்களில் படம் சிறியது, சுற்றிலும் வெள்ளை. பையனின் கோபம் ஏற ஏறப் படம் பெருக்கிறது. காடு அறையை நிரப்பும்போது படமும் பக்கத்தை நிரப்புகிறது. கும்மாளம் நடக்கும் மூன்று இரட்டைப் பக்கங்களில் ஒரு சொல்கூட இல்லை. படம் எல்லாவற்றையும் விழுங்கிவிடுகிறது. திரும்பும் வழியில் மீண்டும் சொற்கள் இடம்பிடிக்கின்றன. கடைசிப் பக்கத்தில் படமே இல்லை. சாப்பாட்டின் சூட்டைச் சொல்லும் சில சொற்கள் மட்டும். கோபம் எப்படி ஒரு பிள்ளையை முழுதாக மூடுகிறது, எப்படி வடிகிறது என்பதைப் படத்தின் அளவைக் கொண்டே சொல்லிவிட்டார். கோபம் கூடாது என்று எங்கும் சொல்லவில்லை. உம்மா மன்னித்துவிட்டாள் என்றும் சொல்லவில்லை. சாப்பாடு சூடாக இருந்தது. அவ்வளவுதான். தாயிடம் ஏச்சு வாங்கிவிட்டுப் பிறகு கோப்பையில் மூடிவைத்த சோற்றைக் கண்ட எந்தப் பிள்ளைக்கும் அதன் பொருள் விளங்கும்.

இந்நூல் வெளிவந்த காலத்தில் பிள்ளைகள் பயந்துவிடுவார்கள் என்று பெரியவர்கள் அஞ்சினார்கள். புரூனோ பெட்டல்ஹைம் என்ற பேர்பெற்ற உளவியலாளர் 1969இல், நூலைத் தான் படிக்காமலேயே தாய்மார் சொன்னதை வைத்துக்கொண்டு அதைக் குறை கூறினார். சென்டக்கோ அப்பூதங்களை எங்கிருந்தும் இறக்குமதி செய்யவில்லை. தான் சிறுவனாக இருந்தபோது புரூக்ளின் வீட்டுக்கு ஞாயிறு தோறும் வந்து, கன்னத்தைக் கிள்ளி, “உன்னைத் தின்றுவிடலாம் போல் இருக்கிறது” என்று கொஞ்சிய மாமா மாமிமாரின் பெரிய பற்களும் சிவந்த கண்களும்தான் அவை என்று பின்னாளில் சொன்னார். பிள்ளைகளுக்கு முதல் பூதம் பெரியவர்களே என்பது உண்மைதானே! நோன்புப் பெருநாளன்று சொந்தக்காரர் நிறைந்த வீட்டில் கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளும் நமது பிள்ளையும் மக்ஸின் சாதிதான்.

குரங்குக்கு ஒரு குடை

அந்நிய நாட்டு உதாரணம்தானா என்று கேட்பவர்களுக்கு, நமது தீவிலேயே ஒன்று இருக்கிறது. காலிக்கு அருகே கிந்தோட்டையில் 1927இல் பிறந்து 2020இல் மறைந்த சிபில் வெத்தசிங்க சிங்களத்தில் எழுதிப் படம் வரைந்த “குட ஹொரா” 1956இல் வெளிவந்தது. குடைத் திருடன் என்பது பொருள்.

குடையே கண்டிராத ஒரு கிராமம். மழைக்கு வாழை இலையையும் சாக்கையும் தலையில் போட்டுக்கொள்ளும் சனங்கள். கிரி மாமா என்பவர் பட்டணம் போய் ஒரு குடை வாங்கி வருகிறார். ஊர் வந்து பஸ்ஸை விட்டிறங்கிக் கோப்பி குடிக்கப் போன நேரத்தில் வெளியில் வைத்த குடையைக் காணவில்லை. மீண்டும் வாங்குகிறார், மீண்டும் களவு போகிறது. கடைசியில் கடதாசித் துண்டுகளைக் குடைக்குள் போட்டு வைக்கிறார். சிந்திய துண்டுகளைத் தொடர்ந்து காட்டுக்குள் போனால் மரமெல்லாம் குடை. திருடன் யாரென்று பார்த்தால் ஒரு குரங்கு! கிரி மாமா குடைகளைக் கொண்டு வந்து கிராமத்தில் குடைக்கடை திறக்கிறார். ஒரு குடையைக் குரங்குக்கு விட்டுவிட்டுத்தான் வருகிறார்.

இந்தக் கடைசிச் செயலில்தான் கதை இருக்கிறது. களவு கூடாது என்ற படிப்பினைக்கு இது இடைஞ்சல். திருடனுக்குத் தண்டனை இல்லை. மாறாக, ஒரு பங்கு கொடுக்கப்படுகிறது. தரம் ஆறு வகுப்பொன்றில் இக்கதையை வாயால் சொன்னபோது ஒரு மாணவன் கேட்டது: “சேர், அந்தக் குரங்கு குடைய விரிச்சிப் பிடிச்சதா, சும்மா தொங்க விட்டதா?” இன்னொரு பிள்ளை நான் பதில் சொல்லுமுன் குறுக்கிட்டது: “அதுக்கும் மழைக்கு நனையும் தானே.” களவைப் பற்றி யாருமே பேசவில்லை. களவு கெட்டது என்பது அவர்களுக்கு முன்பே தெரியும். தெரிந்ததைத் திருப்பிச் சொல்ல ஒரு கதை வேண்டாம். எடுத்தவனுக்கும் ஒரு தேவை இருந்திருக்குமோ என்பது அவர்களுக்குப் புதிய விடயம். அதைச் சிந்திக்க வைத்தது கதையின் கோணல்.

இந்நூல் ஜப்பானில் 1986ஆம் ஆண்டின் சிறந்த வெளிநாட்டுச் சிறுவர் நூலாகத் தெரிவாயிற்று. வெத்தசிங்க தமது 90 வயது கடந்த பின்னும் ஒரு விநோதம் செய்தார். கதையொன்றை முடிக்காமல் விட்டு, முடிவை எழுதி அனுப்பும்படி இலங்கைப் பிள்ளைகளிடம் கேட்டார். அவற்றிலிருந்து 1,250 முடிவுகளைச் சேர்த்து நூலாக்கினார். அதிக முடிவுகள் கொண்ட நூல் என்று அது கின்னஸில் பதிவாயிற்று. சாதனை இருக்கட்டும், அந்த எண்ணத்தின் பின்னாலுள்ள மரியாதையைப் பாருங்கள். முடிவைச் சொல்லும் உரிமை பெரியவருடையது மட்டுமல்ல என்று ஒரு முதியவர் ஒப்புக்கொள்கிறார்.

உறங்காத ஒரு மீன்

விநோதம் என்பது விளையாட்டு மட்டுமல்ல என்பதற்கு ஈரானின் ஸமத் பெஹ்ரங்கி சான்று. 1939இல் தப்ரீஸில் பிறந்து, பதினெட்டு வயதில் அஸர்பைஜான் மாகாணத்துக் கிராமப் பாடசாலைகளில் ஆசிரியராகச் சேர்ந்தவர். நாட்டார் கதைகளைச் சேகரித்தவர். பட்டணத்துப் பிள்ளைகளுக்கென எழுதப்பட்ட பாடநூலைக் கிராமத்துப் பிள்ளைகளின் மேல் சுமத்துவதைக் கண்டித்துக் கல்வி பற்றி எழுதியவர். 1968இல் “சின்னக் கறுப்பு மீன்” வெளிவந்தது. அதே ஆண்டு அராஸ் ஆற்றில் மூழ்கி, 29 வயதில் மறைந்தார். அம்மரணம் குறித்த சந்தேகம் நெடுங்காலம் பேசப்பட்டது. நூலுக்குப் படம் வரைந்த பர்ஷீத் மெஸ்காலி 1974இல் ஹான்ஸ் அண்டர்சன் விருது பெற்றார்.

கடலடியில் ஒரு கிழட்டு மீன் தன் 12,000 பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் கதை சொல்கிறது. ஓடையில் வாழ்ந்த ஒரு சின்னக் கறுப்பு மீனுக்கு, இந்த ஓடை எங்கே போய் முடிகிறது என்று அறிய ஆசை. தாய் தடுக்கிறாள், அயலார் ஏசுகிறார்கள். அது போகிறது. பல்லியொன்று அதற்கு ஒரு குத்துவாள் கொடுக்கிறது. கூழைக்கடாவின் பைக்குள் அகப்பட்டுத் தப்புகிறது. கடலைக் காண்கிறது. இறுதியில் ஒரு கொக்கின் வயிற்றுக்குள் போய், உள்ளே அழுதுகொண்டிருந்த இன்னொரு சின்ன மீனைத் தப்பவைத்துவிட்டு, கொக்கைக் குத்துகிறது. கொக்கு விழுகிறது. கறுப்பு மீன் திரும்பவில்லை. கதை முடிந்தது, 11,999 மீன்களும் உறங்கப் போகின்றன. ஒரு சின்னச் சிவப்பு மீனுக்கு மட்டும் உறக்கம் வரவில்லை.

பெற்றோர் சொல் கேளாத பிள்ளை அழிந்துபோகும் என்ற நமது முயல் கதையின் எலும்புக்கூடுதான் இதுவும். தாய் தடுத்தாள், பிள்ளை போனது, மாண்டது. ஆனால் பெஹ்ரங்கி அதே எலும்புக்கூட்டின் மேல் வேறொரு உயிரை வைத்துவிட்டார். ஷாவின் ஆட்சிக்கால ஈரானில் இதை அரசியல் உருவகமாக வாசித்தவர்கள் ஏராளம். அது சரியான வாசிப்பே. இருந்தும் உருவகம் விளங்காத எட்டு வயதுப் பிள்ளைக்கும் இக்கதை வேலை செய்கிறது. கையில்லாத மீன் வாளை எப்படிப் பிடித்தது என்று அது கேட்பதில்லை. 12,000 பேரில் ஒருவர் மட்டும் விழித்திருப்பதன் கனத்தை அது உணர்கிறது.

“பொய்க்கதை” என்ற ஆட்சேபம்

நம்மவர் மத்தியில் இத்தகைய நூல்களுக்கு எதிராகச் சொல்லப்படுவன இரண்டு. ஒன்று, “இதுல என்ன படிப்பினை இரிக்கி சேர்?” என்ற கேள்வி. மற்றது அதைவிடப் பாரதூரமானது: இல்லாததை இருப்பதாகச் சொல்வது பொய், பொய்யைப் பிள்ளைக்குக் கொடுக்கலாமா?

இந்த இரண்டாவது கேள்வியை ஏளனம் செய்வது தவறு. உண்மையைப் பெரிதாக மதிக்கும் ஒரு சமூகம் கேட்க வேண்டிய கேள்விதான் அது. அதற்கு விடையும் நமது மரபுக்குள்ளேயே இருக்கிறது.

ஸுனன் அபூதாவூதில் பதிவாகியுள்ள ஒரு செய்தி. நபி (ஸல்) அவர்கள் ஒரு போரிலிருந்து திரும்பி வந்த வேளை, காற்று திரையை விலக்க, ஆயிஷா (ரழி) அவர்களின் விளையாட்டுப் பொம்மைகள் தெரிகின்றன. அவற்றின் நடுவே துணித்துண்டினால் ஆன இரண்டு சிறகுகள் வைத்த ஒரு குதிரை. குதிரைக்குச் சிறகா என்று நபியவர்கள் கேட்கிறார்கள். ஸுலைமான் (அலை) அவர்களிடம் சிறகுள்ள குதிரைகள் இருந்ததைக் கேள்விப்படவில்லையா என்று பதில் வருகிறது. நபியவர்கள் கடைவாய்ப் பற்கள் தெரியுமளவுக்குச் சிரித்தார்கள்.

உருவம், பொம்மை சம்பந்தமான மார்க்கச் சட்டத்துக்குள் நான் போகவில்லை. அது உலமாக்களின் துறை. ஓர் இலக்கிய மாணவனின் கண்ணுக்குப் படுவதை மட்டும் சொல்கிறேன். துணிச் சிறகு வைத்த குதிரை ஒரு புதினம்தான். அதைக் கண்டவுடன் எழுந்தது கண்டனமல்ல, கேள்வி. கேள்விக்கு ஒரு விளையாட்டுப் பிள்ளையின் துணிச்சலோடு பதில் வந்தது. பதிலுக்குக் கிடைத்தது சிரிப்பு. பிள்ளையின் கற்பனையை ஒரு பெரியவர் எப்படி எதிர்கொள்ள வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் எந்தக் கல்வியியல் நூலில் இருக்கிறது?

அப்பாஸியர் காலத்தில் இப்னுல் முகஃப்பஃ அரபுக்குக் கொண்டுவந்த கலீலா வ திம்னாவில் நரிகள் பேசின. 10ஆம் நூற்றாண்டில் பஸராவின் இக்வானுஸ் ஸபா அறிஞர்கள் இன்னும் துணிந்தார்கள். தீவொன்றில் ஜின்களின் அரசன் முன்னிலையில் விலங்குகள் மனிதருக்கு எதிராக வழக்குத் தொடுத்து, எங்களை அடிமைகளாக்க உங்களுக்கு யார் உரிமை தந்தது என்று வாதாடுவதாக எழுதினார்கள். ஸ்பெயினில் இப்னு துபைல், மான் பாலூட்டி வளர்த்த பிள்ளை தனியே சிந்தித்து இறைவனை அறிவதாக ஹை இப்னு யக்ழானைப் படைத்தார். இவர்களில் எவரும் வாசகரை ஏமாற்ற முனையவில்லை. ஏமாற்றும் நோக்கம் இருந்தால்தான் அது பொய். நரி பேசாது என்பது சொல்பவருக்கும் தெரியும், கேட்பவருக்கும் தெரியும்; இருவரும் உடன்பட்டுச் செய்யும் காரியம் அது.

தமிழ் மரபும் இதை அறியும். தொல்காப்பியர் உரைநடை வகைகளைச் சொல்லும்போது, பொருள் மரபில்லாத புனைமொழியையும் ஒரு வகையாக ஏற்றுக்கொள்கிறார். அதற்கு உரை எழுதிய பேராசிரியர், யானையும் குருவியும் நட்புக்கொண்டு ஓரிடம் போன கதையை உதாரணம் காட்டுகிறார். யானையும் குருவியும் எங்கே போயின, என்ன செய்தன என்பது நமக்குக் கிடைக்கவில்லை. எந்தப் பிள்ளையிடம் கொடுத்தாலும் மிச்சத்தைச் சொல்லிவிடும்.

எது நல்ல விநோதம்?

விநோதமெல்லாம் நல்லதென்று சொல்லிவிட முடியாது. இன்று கடைகளில் பளபளப்பான தாளில், அருவருப்பையும் கூச்சலையும் மட்டுமே முதலாகக் கொண்ட புத்தகங்கள் குவிகின்றன. பிரித்தறிய மூன்று அடையாளங்களைச் சொல்வேன். முதலாவது, விநோதத்துக்குள் ஓர் ஒழுங்கு இருக்கும். பூதங்களின் தீவுக்கும் போகும் வழி, வரும் வழி உண்டு. இரண்டாவது, அந்த விநோதம் பிள்ளையின் வாழ்வில் உண்மையாக உள்ள ஒன்றை, கோபத்தையோ பயத்தையோ ஆசையையோ தொடும். மூன்றாவது, விளக்கம் சொல்லாமல் நிறுத்தத் தெரிந்திருக்கும். மூன்றாவதுதான் நமது எழுத்தாளர்களுக்கு மிகக் கஷ்டமானது. நம்மில் பலர் ஆசிரியர்கள். விளக்காமல் இருக்க நமக்குக் கை வராது.

நமக்கு முன்மாதிரி இல்லாமலும் இல்லை. கத்தரித் தோட்டத்து வெருளியைப் பாடுபொருளாக்கிய நவாலியூர் சோமசுந்தரப் புலவர் நம் நாட்டவர். கிழக்கிலும் தெற்கிலும் நமது மூத்தம்மாமார் சொன்ன ஜின் கதைகளும், அரசிளங்குமரி கதைகளும், விடுகதைகளும் கோணல் நிறைந்தவை. அவற்றை அச்சுக்குக் கொண்டுவரும்போதுதான் கோணலை நிமிர்த்திவிட்டு, அடியில் கட்டம் போட்டுவிடுகிறோம். வெத்தசிங்கவை நம் பிள்ளைகளுக்குத் தமிழில் சரளமாகச் சொல்லவும், பெஹ்ரங்கியை வாசிக்கவும் கொடுக்கவும் யாருடைய அனுமதியும் தேவையில்லை. பாடசாலை நூலகத்துக்குப் புத்தகம் தெரிவுசெய்யும் ஆசிரியர்கள், பட்டியலில் பத்துக்கு இரண்டாவது படிப்பினைக் கட்டம் இல்லாத நூலாக இருக்கட்டும் என்று முடிவெடுத்தால் போதும்.

வீட்டில் பிள்ளைக்குக் கதை வாசிக்கும் உம்மா வாப்பாமாருக்கும் ஒரு வார்த்தை. கதை முடிந்ததும் “இதிலிருந்து என்ன விளங்குது?” என்று உடனே கேட்டுவிடாதீர்கள். கொஞ்ச நேரம் சும்மா இருங்கள். பிள்ளைதான் முதலில் கேட்கும். அது கேட்பதற்கு உங்களிடம் பதில் இல்லையென்றால், புத்தகம் நல்ல புத்தகம்தான்.